பாம்புக்குள் ஒளிந்த எழுத்து

தாளில் நெளிந்து கிடக்கிறது ஒரு பாம்பு. தலையிலிருந்து வால் வரை எட்டுக் கட்டங்கள். அவற்றில் இரண்டாவது கட்டத்துக்கும் எட்டாவது கட்டத்துக்கும் மேலே ஒவ்வொரு புள்ளி. அதாவது அங்கே மெய்யெழுத்து வரவேண்டும். மற்ற ஆறும் வெற்றுக் கட்டங்கள். பக்கத்தில் முகம் பார்க்கும் கண்ணாடி ஒன்றின் படம். இது என்ன பாம்பு என்று கேட்டால், தமிழ் பேசும் வீட்டுப் பிள்ளை 'கண்ணாடிவிரியன்' என்று சட்டென்று சொல்லிவிடும். படத்தைப் பார்த்து விடை சொல்வது எளிது. படத்தை மறைத்துவிட்டு, அந்த இரண்டு புள்ளிகளை மட்டும் வைத்துக்கொண்டு விடைக்குப் போக முடியுமா? முடியும். எப்படி முடிகிறது என்பதில்தான் அறிவியல் இருக்கிறது.

எட்டெழுத்துப் பாம்புப் பெயர்களாக ஐந்தை எடுத்துக்கொள்வோம்: கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன், கொம்பேறிமூக்கன், தண்ணீர்ப்பாம்பு, மண்ணுளிப்பாம்பு. இவற்றில் புள்ளி விழும் இடங்களை மட்டும் குறித்துப் பாருங்கள். கண்ணாடிவிரியனில் 2, 8. சுருட்டைவிரியனில் 3, 8. கொம்பேறிமூக்கனில் 2, 6, 8. மண்ணுளிப்பாம்பில் 2, 5, 7. தண்ணீர்ப்பாம்பில் 2, 4, 5, 7. எந்த இரண்டும் ஒன்றுபோல் இல்லை. ஓர் எழுத்துகூடத் தெரியாமல், புள்ளிகள் நிற்கும் இடத்தை வைத்தே ஐந்து பாம்புகளையும் பிரித்துவிடலாம். (புதிர்த் தாள் தயாரிப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: இந்த ஐந்தில் உயிரைப் பறிக்கும் நஞ்சுள்ளவை இரண்டு விரியன்கள் மட்டுமே என்று தாளின் அடியில் எழுதிவிடுங்கள். கொம்பேறிமூக்கனும் மண்ணுளியும் மனிதர்களுக்கு ஒரு தீங்கும் செய்யாதவை. வீண் பயத்தாலும் பேராசையாலும் அவை சாகின்றன.)

புள்ளிக்கு இவ்வளவு வலிமை எங்கிருந்து வந்தது? தமிழ்ச் சொல்லில் எந்த எழுத்து எங்கே வரலாம், எங்கே வரக்கூடாது என்பதில் கண்டிப்பான ஒழுங்கு உண்டு. தொல்காப்பியம் இதை விரிவாக வகுத்தது. 13ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் நன்னூலில் சுருக்கிக் கொடுத்தார். உயிர் பன்னிரண்டும், உயிர்மெய்யில் பத்து வரிசைகளும்தான் சொல்லுக்கு முதலில் வரும். ட, ண, ர, ல, ழ, ள, ற, ன வரிசைகள் வரமாட்டா. மெய் ஒருபோதும் முதலில் நிற்காது. சொல்லின் இறுதியில் க், ச், ட், த், ப், ற் ஆகிய வல்லின மெய்கள் நிற்கமாட்டா. நடுவிலோ விதி இன்னும் இறுக்கமானது. க், ச், த், ப் நான்கும் தம் வரிசை எழுத்தைத் தவிர வேறொன்றையும் பின்னால் விடமாட்டா. ர், ழ் இரண்டும் தம்மைத் தாமே இரட்டித்துக்கொள்ளமாட்டா. அடுத்தடுத்து இரண்டு புள்ளிகள் வந்தால் முதல் புள்ளி ய், ர், ழ் மூன்றில் ஒன்றாகத்தான் இருக்கும். தண்ணீர்ப்பாம்பின் நாலாவது, ஐந்தாவது கட்டங்களைப் பாருங்கள்: ர், ப். இரண்டு புள்ளிகள் ஒட்டி நிற்பதைக் கண்டதுமே நாலாவது கட்டத்துக்கான போட்டி பதினெட்டு மெய்களிலிருந்து மூன்றாகச் சுருங்கிவிடுகிறது.

இந்தச் சுருக்கத்தை அளக்க முடியும். 'ஆம்', 'இல்லை' என்று மட்டும் பதில் வரும் கேள்விகளைக் கேட்டு, ஒருவர் மனத்தில் நினைத்த எழுத்தைக் கண்டுபிடிக்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். தமிழில் 247 எழுத்துகள். ஒவ்வொரு கேள்வியாலும் பட்டியலைப் பாதியாக வெட்டிக்கொண்டே போனால், எட்டுக் கேள்விகளில் எந்த எழுத்தையும் பிடித்துவிடலாம். அந்தக் கட்டத்தில் புள்ளி இருக்கிறது என்று தெரிந்தால் மிச்சம் பதினெட்டு எழுத்துகள். ஐந்து கேள்விகள் போதும். முந்தைய கட்டத்தில் இருப்பது 'க்' என்று தெரிந்தால் இந்தக் கட்டத்தில் வரக்கூடியவை க வரிசையின் பன்னிரண்டே. நான்கு கேள்விகளில் முடிந்தது. ஓர் எழுத்து தெரிந்ததால் அடுத்த எழுத்தின் புதிரில் பாதி அவிழ்ந்துவிட்டது. விதிகளைப் பேச்சைக் கட்டிப்போடும் தளையாகவே நாம் பள்ளியில் படிக்கிறோம். புதிர் அவிழ்ப்பவருக்கோ ஒவ்வொரு தடையும் ஒரு துப்பு. 'இங்கே இது வராது' என்ற செய்திக்கு, 'இங்கே இது வரும்' என்ற செய்தியின் மதிப்பில் ஒரு பங்கு எப்போதும் உண்டு.

தில்லியில் வளரும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு இந்தப் புள்ளிப் புதிர் குறிப்பாக உதவும் என்பது என் எண்ணம். தில்லித் தமிழ்க் கல்விக் கழகப் பள்ளிகளில் படிக்கும் பிள்ளைகளும், வார இறுதியில் மட்டும் தமிழ் எழுதிப் பழகும் பிள்ளைகளும் இந்தி எழுத்தை அன்றாடம் கையாள்கிறார்கள். இந்தி நாளிதழ்களின் குறுக்கெழுத்துப் புதிரில் கூட்டெழுத்து முழுவதும் ஒரே கட்டத்தில் உட்கார்ந்துவிடும். 'சக்கர்' என்ற இந்திச் சொல்லுக்கு அங்கே மூன்று கட்டங்கள். தமிழில் 'சக்கரம்' என்று எழுத ஐந்து கட்டங்கள் வேண்டும். அவற்றில் இரண்டு புள்ளிக் கட்டங்கள். தமிழ் ஒற்றெழுத்துக்குத் தனி இடம் கொடுக்கிறது. அதனால் கட்டம் கூடுகிறது, துப்பும் கூடுகிறது. ஒற்று எங்கே மிகும், எங்கே மிகாது என்று திணறும் பிள்ளைக்கு, 'மலைப்பாம்பு' என்பதற்கு ஆறு கட்டங்கள் இருந்தும் ஐந்தெழுத்தே எழுதியிருக்கிறாய் என்று பாம்பே காட்டிக்கொடுத்துவிடும்.

இனி ஒரு பாம்பை இரண்டாக்குவோம். தமிழில் எழுத்தையும் பாம்பையும் பின்னிய புதிர் இன்று நேற்று வந்ததல்ல. 12ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த தண்டியலங்காரம் சித்திரகவி வகைகளைப் பட்டியலிடுகிறது: கோமூத்திரி, மாலைமாற்று, சக்கரம், சுழிகுளம், சருப்பதோபத்திரம் என்று போகும் அந்தப் பட்டியலில் நாகபந்தமும் ஒன்று. இரண்டு பாம்புகள் ஒன்றோடொன்று பிணைந்து கிடக்கும் சித்திரம். ஒரு பாம்பின் உடல் நெடுக ஒரு நேரிசை வெண்பா, இன்னொன்றில் ஓர் இன்னிசை வெண்பா. பாம்புகள் குறுக்கிடும் சந்திகளில் நிற்கும் எழுத்து இரண்டு பாட்டுக்கும் பொது. நியூயார்க்கில் ஆர்தர் வின் முதல் குறுக்கெழுத்துப் புதிரை வெளியிட்டது 1913 டிசம்பரில். ஓர் எழுத்து இரண்டு சொற்களுக்கு உழைக்க வேண்டும் என்ற அதே எண்ணத்தை, அதற்கு ஏறத்தாழ எண்ணூறு ஆண்டுகள் முன்பே, சொற்களை மட்டுமல்லாமல் முழு வெண்பாக்களையே பிணைத்துச் செய்து காட்டியிருக்கிறார்கள். 16ஆம் நூற்றாண்டில் திருக்குருகைப் பெருமாள் கவிராயரின் மாறனலங்காரம் இந்தக் கலையை இன்னும் விரித்தது. 1929இல் மறைந்த பாம்பன் சுவாமிகள் வரை நாகபந்தம் பாடுவோர் இருந்தார்கள். சித்திரகவியை 'மிறைக்கவி' என்று ஒதுக்கியவர்களும் உண்டு. கவிதையாக அது எந்த உயரத்துக்குப் போகிறது என்ற வாதத்தை நான் இங்கே எடுக்கவில்லை. மொழியின் எழுத்தமைப்பை உள்ளங்கை ரேகைபோல் அறிந்தவர்களால்தான் அதைக் கட்ட முடியும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

சந்தி என்ன செய்கிறது என்பதை நம் ஐந்து பாம்புகளை வைத்தே பார்க்கலாம். இந்த முறை படமும் இல்லை, புள்ளியும் இல்லை. எட்டுக் கட்டம் கொண்ட இரண்டு பாம்புகள். இரண்டும் தத்தம் இரண்டாவது கட்டத்தில் குறுக்கிடுகின்றன என்பது மட்டும் தெரியும். ஐந்து பெயர்களிலிருந்து பத்து இணைகளை எடுக்கலாம். இரண்டாம் எழுத்து ஒன்றாக இருக்கும் இணைகளோ மூன்றுதான். கண்ணாடிவிரியன், தண்ணீர்ப்பாம்பு, மண்ணுளிப்பாம்பு மூன்றிலும் அங்கே 'ண்' நிற்கிறது. இப்போது ஐந்தாவது கட்டத்திலும் பாம்புகள் இன்னொருமுறை குறுக்கிடுகின்றன என்று வையுங்கள். மிஞ்சுவது ஒரே இணை: தண்ணீர்ப்பாம்பும் மண்ணுளிப்பாம்பும், 'ப்' என்ற எழுத்தில் பின்னிக்கொண்டு. ஓர் எழுத்தும் சொல்லப்படாமல், இரண்டு சந்திகளே பத்தை மூன்றாக்கி, மூன்றை ஒன்றாக்கிவிட்டன.

நாகபந்தத்தைக் கட்டுபவருக்கு இதே கணக்கு எதிர்த்திசையில் வேலை செய்கிறது. அவிழ்ப்பவருக்குத் துணையாக வரும் ஒவ்வொரு சந்தியும் கட்டுபவரின் சுதந்திரத்தைக் குறைக்கிறது. வெண்பாவோ ஏற்கெனவே கட்டுப்பாடுகளின் உச்சம். வெண்டளை தவிர வேறு தளை புகக்கூடாது. அடிகளின் இரண்டாம் எழுத்து எதுகையில் ஒத்துவர வேண்டும். ஈற்றுச்சீர் நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கில் ஒன்றாக முடிய வேண்டும். இவற்றோடு சந்திகளும் சேர்ந்தால் பாட்டுக்கு மூச்சுவிட இடம் இருக்குமா?

இந்தக் கேள்விக்குக் கணிதமாக விடை சொன்னவர் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் இருந்த கிளாட் ஷானன். தகவல் கோட்பாட்டைத் தொடங்கிவைத்த அவரது 1948ஆம் ஆண்டுக் கட்டுரையில் குறுக்கெழுத்துப் புதிரைப் பற்றி ஒரு பத்தி வருகிறது. ஒரு மொழியில் எந்த எழுத்தும் எங்கும் வரலாம் என்றால், எப்படி நிரப்பினாலும் அது குறுக்கெழுத்துப் புதிராகிவிடும். அவிழ்க்க அதில் ஒன்றும் இருக்காது. எழுத்துகளின் வரவு முழுக்க முழுக்க விதிக்குள் அடங்கிவிட்டால் பெரிய புதிரைக் கட்டவே முடியாது. எழுதுவதில் பாதி மொழியின் அமைப்பால் தீர்மானிக்கப்பட்டு, பாதி எழுதுபவரின் விருப்பத்தில் இருந்தால் பெரிய புதிர்கள் ஒருவாறு சாத்தியமாகும். ஆங்கிலம் ஏறத்தாழ அந்த நிலையில் இருக்கிறது என்று அவர் மதிப்பிட்டார். நாகபந்தக்காரர்கள் தமக்கு வேண்டிய இடத்தை வேறு வழியில் சம்பாதித்துக்கொண்டார்கள்: சந்திகளை எண்ணி அளவாக வைத்தார்கள், சந்திக்கும் சந்திக்கும் நடுவே பாம்பின் உடலை நீளமாக விட்டார்கள். பாம்பின் வளைவு கண்ணுக்கு அழகு என்பதோடு நிற்கவில்லை. நெளிந்து போகும் உடல், குறுக்குநெடுக்கான கட்டத் தாளைவிட, கவிக்கு அதிக மூச்சு கொடுக்கும் வடிவம்.

அவிழ்க்க உதவும் அதே பின்னல் காக்கவும் உதவும். ஓலைச்சுவடி எழுதியவர்கள் மெய்களுக்குப் புள்ளியிடாமல் விடுவது வழக்கமாக இருந்தது. எகர ஏகாரங்களுக்கும் ஒகர ஓகாரங்களுக்கும் இன்றுள்ள வேறுபாடு 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் காலத்தில்தான் அமைந்தது. காலும் ரகரமும் ஒன்றுபோலவே தோன்றும். ஆகவே சுவடி வாசிப்பே ஓர் எழுத்துப் புதிர்தான். செல் அரித்த இடத்தில் பதிப்பாசிரியர்கள் எதைப் பிடித்துக்கொண்டார்கள்? அடியின் இரண்டாம் எழுத்து போயிருந்தால் அடுத்த அடியின் எதுகை அதைச் சொல்லும். சீரின் அசை குறைந்தால் தளை காட்டிக்கொடுக்கும். நாகபந்தத்தில் இதற்கு மேலும் ஒரு காவல் உண்டு: சந்தியில் உள்ள எழுத்து இரண்டு பாட்டிலும் இருப்பதால், ஒன்றில் சிதைந்தால் மற்றதிலிருந்து மீட்கலாம். ஷானனின் அதே ஆய்வகத்தில் பணியாற்றிய ரிச்சர்ட் ஹாமிங் 1950இல் வெளியிட்ட பிழைதிருத்தும் குறியீட்டு முறையில், ஒவ்வொரு தகவல் துணுக்கையும் ஒன்றுக்கு மேற்பட்ட சரிபார்ப்புகளுக்குள் நிறுத்துவதுதான் வழி. எந்தெந்தச் சரிபார்ப்புகள் பிசகுகின்றன என்று பார்த்தால் பிழை இருக்கும் இடம் தெரிந்துவிடும். சித்திரகவி பாடியவர்கள் பிழை திருத்துவதற்காகப் பாடினார்கள் என்று நான் சொல்லவில்லை. அவர்களுடைய பின்னலில் அந்தப் பண்பு இயல்பாகவே அமைந்திருக்கிறது.

பாம்புக்குள் எழுத்தை வைப்பது தமிழுக்கு மட்டும் உரியதுமல்ல. மாளவத்தில் தாரா நகரின் போஜசாலையிலும், உஜ்ஜயினி மகாகாளர் கோயிலிலும், ஊன் என்ற ஊரின் கோயிலிலும் பரமார மன்னர் காலத்துக் கல்வெட்டுகள் பாம்பு வடிவில் வெட்டப்பட்டிருக்கின்றன. 'சர்ப்பபந்தம்' என்றே அவற்றுக்குப் பெயர். அவற்றில் இருப்பது சமஸ்கிருத நெடுங்கணக்கும், பெயர் வினைகளின் விகுதி அட்டவணைகளும்! இலக்கணப் பாடத்தையே பாம்பின் உடலில் வரிசைப்படுத்தி மாணவர் கண்ணில் பதியவைத்திருக்கிறார்கள்.

எழுத்து நிற்கும் இடத்தை வைத்தே எழுத்தைக் கண்டுபிடித்த மிகப் பெரிய கதையின் சாட்சி தில்லியிலேயே நிற்கிறது. பிரோஸ் ஷா கோட்லாவின் இடிபாடுகளுக்கு நடுவே, கிரிக்கெட் மைதானத்துக்குப் பக்கத்தில், படிப்படியாக உயரும் கட்டடத்தின் உச்சியில் ஏறத்தாழ 13 மீட்டர் நீளமுள்ள ஒற்றைக்கல் தூண். 14ஆம் நூற்றாண்டில் சுல்தான் பிரோஸ் ஷா துக்ளக், இன்றைய ஹரியாணாவில் உள்ள தோப்ராவிலிருந்து அதைப் பஞ்சில் பொதிந்து, வண்டியிலேற்றி, யமுனை வழியே படகில் கொண்டுவந்து நிறுத்தினார். அதன்மேல் என்ன எழுதியிருக்கிறது என்று பண்டிதர்களை அழைத்துக் கேட்டார். யாராலும் வாசிக்க முடியவில்லை. எழுத்து கண்முன்னே தெளிவாக இருந்தது, திறவுகோல்தான் தொலைந்திருந்தது.

அடுத்த ஐந்நூறு ஆண்டுகளுக்கு அது அப்படியே இருந்தது. கல்கத்தா நாணயச் சாலையில் பணிபுரிந்த ஜேம்ஸ் பிரின்செப் 1830களில் அதைக் கையிலெடுத்தபோது முதலில் செய்தது எண்ணியதுதான். எந்த வடிவம் எத்தனை முறை வருகிறது, எந்த வடிவத்தோடு எந்தச் சிறு கோடு சேர்கிறது என்று அட்டவணை போட்டார். ஒரே அடிவடிவம் வெவ்வேறு கோடுகளோடு திரும்பத் திரும்ப வந்ததால், அவை உயிர்க்குறிகள் என்பது புலப்பட்டது. தில்லி, அலகாபாத், பீகார்த் தூண்களின் படிகளை அருகருகே வைத்துப் பார்த்தபோது எல்லாவற்றிலும் ஒரே வாசகம் இருப்பது தெரிந்தது. கிறிஸ்தியன் லாசன் 1836இல் இருமொழி நாணயம் ஒன்றிலிருந்து சில எழுத்துகளை மீட்டிருந்தார். மறு ஆண்டு பிரின்செப்பிடம் சாஞ்சி வேலியின் சிறு கல்வெட்டுப் படிகள் வந்து சேர்ந்தன. ஏறக்குறைய எல்லாமே ஒரே இரண்டு எழுத்துகளில் முடிந்தன. ஸ்தூபியின் வேலியில் இத்தனை பேர் தனித்தனியாக ஒன்றையே எழுதி முடிக்கிறார்கள் என்றால் அது என்னவாக இருக்கும்? இன்னார் கொடுத்த கொடை என்றுதானே? அந்த ஈறு 'தானம்'. அதற்கு முன்னால் திரும்பத் திரும்ப வந்த எழுத்து 'இன்னாருடைய' என்று காட்டும் 'ஸ'. ஈற்றிலிருந்து தொடங்கி மொத்த நெடுங்கணக்கும் அவிழ்ந்தது. அந்த ஆண்டே, 1837இல், தில்லித் தூணின் வாசகத்தை மொழிபெயர்த்தார். அதில் பேசும் 'பியதசி' யார் என்ற கேள்விக்கு இலங்கையிலிருந்த ஜார்ஜ் டர்னர் பாலி நூலொன்றிலிருந்து விடை அனுப்பினார்: அசோகர்.

தில்லியில் அசோகர் தூண் இன்னொன்றும் உண்டு. மீரட்டிலிருந்து வந்து வடக்கு ரிட்ஜ் மேட்டில் நிற்பது. 18ஆம் நூற்றாண்டில் நடந்த வெடிவிபத்தில் அது ஐந்து துண்டாகி, எழுத்துகள் பல சிதைந்துபோயின. இருந்தும் முதல் ஆறு சாசனங்களின் வாசகத்துக்குப் பெரிய நட்டமில்லை. கோட்லா தூணிலும் பிற ஊர்த் தூண்களிலும் அதே சொற்கள் இருக்கின்றன. ஒரே எழுத்து இரண்டு பாம்புகளில் நிற்பதன் பயன் கல்லிலும் அப்படியே கிடைத்தது. ஆனால் கோட்லா தூணில் உள்ள ஏழாம் சாசனம் வேறெந்தத் தூணிலும் இல்லை. அங்கே ஓர் எழுத்து உதிர்ந்தால் ஒப்பிட்டு மீட்க இரண்டாவது தூண் கிடையாது. அந்தத் தூணைச் சுற்றிப் போடப்படும் வேலியும் காவலும் வீண் செலவு என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும்.

ஜன்பத்தில் உள்ள தேசிய அருங்காட்சியகத்தின் சிந்துவெளி முத்திரைகளிடம் வரும்போது புதிர் வேறு குணம் கொள்கிறது. ஒரு முத்திரையில் சராசரியாக ஐந்து குறிகள்தான். ஐராவதம் மகாதேவன் அவற்றையெல்லாம் தொகுத்து, 417 குறிகளாக வகைப்படுத்தி உருவாக்கிய சொல்லடைவை இந்தியத் தொல்லியல் துறை 1977இல் புது தில்லியில் வெளியிட்டது. எந்தக் குறி தொடக்கத்தில் வரும், எது ஈற்றில் வரும் என்று அதில் தேடிப் பார்க்கலாம். எல்லாவற்றிலும் அதிகமாக வருவது குடம் போன்ற குறி. அது பெரும்பாலும் ஈற்றில்தான் நிற்கிறது. சாஞ்சியின் ஈற்றெழுத்துகளைக் கண்ட பிரின்செப்புக்குக் கிடைத்த அதே வகைத் துப்பு இது. ஆனால் சாஞ்சியில் மொழி தெரிந்த மொழியாக இருந்தது. இங்கே அதுவும் தெரியாது. மீன் படம், நட்சத்திரத்தையும் குறிக்கும் 'மீன்' என்ற திராவிடச் சொல்லின் ஒலிப்பு என்று ஹெராஸ் பாதிரியார் முன்வைத்ததை அஸ்கோ பர்போலா விரித்துச் சொன்னார், அழகான ஊகம். அதைச் சரிபார்க்க இன்னொரு பாம்பு குறுக்கே வரவேண்டும். இருமொழி வாசகம் எதுவும் இதுவரை கிடைக்கவில்லை. இது எழுத்தே அல்ல என்று 2004இல் மூவர் வாதிட்டதற்கும் முத்திரை வாசகங்களின் சுருக்கமே பெருமளவு காரணம்.

2009இல் ராஜேஷ் ராவும் மகாதேவன் உள்ளிட்ட ஆய்வாளர்களும் கேட்ட கேள்வி, 'க்' வந்தபின் என்ன வரும் என்று நாம் கேட்டதேதான். ஒரு குறி தெரிந்தால் அடுத்த குறியைப் பற்றிய ஐயம் எவ்வளவு மிஞ்சுகிறது? அளந்து பார்த்ததில், எதுவும் எங்கும் வரும் என்ற தாறுமாறும் இல்லை, அசையாத இறுக்கமும் இல்லை. மொழிகளின் அளவுக்கு அருகே நின்றது. அது மொழிதான் என்று மெய்ப்பிக்க இது போதாது என்று எதிர்த்தரப்பு சொன்னதிலும் நியாயம் உண்டு. அதே குழு உடைந்த முத்திரைகளில் காணாமற்போன குறிகளைச் சுற்றியுள்ள குறிகளின் போக்கை வைத்து ஊகித்து நிரப்பும் மாதிரி ஒன்றையும் உருவாக்கியது. அந்த மாதிரியில் மேற்காசியாவில் கிடைத்த சிந்துக் குறி முத்திரைகளை இட்டுப் பார்த்தபோது, குறிகள் அதே குறிகளாக இருந்தும் அவற்றின் வரிசை சிந்துவெளியின் வரிசையோடு ஒத்துவரவில்லை. கடல் கடந்து போன வணிகர்கள் தம் எழுத்திலேயே வேறொரு மொழியையோ, அயலார் பெயர்களையோ எழுதியிருக்கலாம். அப்படியானால் இருமொழி முத்திரையைத் தேட வேண்டிய இடம் மொகஞ்சதாரோவைவிட மெசபடோமியாவும் பாரசீக வளைகுடாக் கரையும்தான்.